பூக்கட்டி இடித்த பேராலயம்

நான் கட்டிய பேராலயத்தில் சாமி கிடையாது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உள்ளே எந்தச் சாமி இருக்கிறது என்று என் வீட்டில் கடைசிவரை ஒருவர்கூடக் கேட்கவில்லை. வெளியே கூம்புக் கோபுரம் இருக்கிறதா, இருக்கிறது, அப்படியானால் முடிந்தது விஷயம் என்று இருந்துவிட்டார்கள்.

கட்டினேன் என்றால் கல்லும் சுண்ணாம்பும் வைத்தா கட்டினேன்? கைப்பேசியில் கதை படிக்கிற ஒரு செயலியில் ஞாயிறுதோறும் ஒரு அத்தியாயமாக எழுதினேன். உலகத்தில் எங்கும் இல்லாத ஒரு நாடு. இரண்டு பக்கமும் மலை, நடுவில் பள்ளத்தாக்கு. அதை யோசிக்க எனக்குச் சிரமமே இல்லை, ஜன்னலைத் திறந்தால் போதும். அந்தப் பள்ளத்தாக்கின் நடுவே, மனிதர்கள் வருவதற்கு முன்பே எழுந்து நின்ற ஒரு பேராலயம். அதன் தூண்கள் மரம் மாதிரி வளர்ந்துகொண்டே இருக்கும். கூரை அத்தனை உயரம் என்பதால், உள்ளே நிற்கும் கூட்டத்தின் மூச்சு மேலே போய்க் குளிர்ந்து, சோற்றுப்பானை மூடியில் கோக்கிற நீர் போல, சாயங்காலத்தில் உள்ளேயே தூறல் போடும். வாசற்படி ஆளை எடை போடும். பொய் சொல்லிவிட்டு வந்தவனுக்கு அங்கே காலைத் தூக்க வராது. அதனால் அந்த நாட்டுப் பெரிய மனிதர்கள் எல்லோரும் பல்லக்கில்தான் உள்ளே போவார்கள்.

மணியை யாரும் அடிக்க வேண்டியதில்லை. நாட்டில் எங்காவது யாராவது யாரையாவது பார்த்து 'வாயை மூடு' என்று சொன்னால் தானாக அடிக்கும். ஓயாமல் அடித்துக்கொண்டே இருந்ததால் அங்கே ஊழியம் செய்தவர்கள் காதில் மெழுகை அடைத்துக்கொண்டு திரிந்தார்கள். கதையின் நாயகி ஒரு கல்தச்சனின் மகள். புருஷன் வீட்டை விட்டு வந்தவள். கோபுரத்தின் உட்புறப் படிகளில் ஏறிக்கொண்டே இருக்கிறாள், உச்சியில் பூட்டிய ஓர் அறை இருக்கிறது, அதற்குள் என்ன என்பதுதான் கதை. உள்ளே என்ன இருக்கிறது என்று எனக்கு மட்டும் தெரியும். கடைசி அத்தியாயத்துக்காகப் பத்திரமாக வைத்திருந்தேன்.

பேராலயம் எதற்கு, கோயில் என்று எழுதினால் ஆகாதா என்று பின்னால் எல்லோரும் கேட்டார்கள். எழுதிப் பார்த்தேன். கோயில் என்று வைத்துத்தான் முதலில் தொடங்கினேன், ஒரு பக்கம் தாண்டவில்லை. கோயில் என்று எழுதியவுடனே முதல் மரியாதை யாருக்கு, எந்தத் தெருவுக்கு எந்த நாள் மண்டகப்படி, பரிவட்டம் கட்டிக்கொள்ளப் பெரியப்பா எந்தப் பக்கம் நிற்பார், வீட்டுக்கு விலக்கானவள் எதுவரை வரலாம் என்று எல்லாம் தானாக வந்துவிட்டது. என் சொந்தக்காரர்கள் ஒருவர் விடாமல் கதைக்குள் பந்திக்கு உட்கார்ந்துவிட்டார்கள். அவர்களில் ஒருவருக்கும் பாத்தியதை இல்லாத ஒரு கட்டடம் எனக்கு வேண்டியிருந்தது. அனுமந்தன்பட்டியில் சின்ன வயதிலிருந்து தூரத்தில் பார்த்த கிறிஸ்தவக் கோயிலின் கூம்புக் கோபுரத்தை எடுத்துக்கொண்டேன். அதற்குள் நான் போனது கிடையாது. அதுவே வசதியாகப் போயிற்று, உள்ளே இருப்பதையெல்லாம் நானே வைத்துக்கொள்ளலாம்.

அப்போது நான் அப்பா வீட்டில் இருந்தேன். கல்யாணமாகி, ஒத்துவராமல், தீர்த்துக்கொண்டு வந்தவள். குடிச்சானா, அடிச்சானா என்று கேட்டவர்களிடம் இரண்டும் இல்லை என்று சொல்லிப் பலரை ஏமாற்றத்தில் ஆழ்த்தியிருக்கிறேன். குடியும் அடியும் இல்லாமல் ஒருத்தி திரும்பி வந்தால் தப்பு அவள்மேல்தான் என்பது எங்கள் பக்கத்துத் தீர்ப்பு. வந்த புதிதில் அம்மா என்னைப் பார்த்து அழுவாள். பிறகு அழுகையை நிறுத்திவிட்டு, என்னைப் பார்ப்பதையும் குறைத்துக்கொண்டாள். அப்பா மட்டும் திராட்சைப் பந்தலிலிருந்து வரும்போது ஒரு கொத்தைத் துண்டில் சுற்றிக்கொண்டு வந்து என் பக்கத்தில் வைப்பார்.

பழனிசெட்டிபட்டியில் ஒரு பைக் ஷோரூமில் பில் போடுகிற வேலை கிடைத்தது. தினமும் பஸ். ஊரில் ஏறினால் உத்தமபாளையம், சின்னமனூர், வீரபாண்டி என்று நின்று நின்று போகும். ஜன்னலோர இடம் கிடைத்த நாட்களில் பேராலயம் வளர்ந்தது. நின்றுகொண்டு போன நாட்களில் மனத்துக்குள் கட்டிவைத்து, மறுநாள் எழுதினேன். எங்கெங்கோ இருந்தெல்லாம் படித்தார்கள். வெளிநாட்டில் மருத்துவமனை வேலையிலிருந்த ஒரு பெண், சாப்பாட்டு இடைவேளையில் என் அத்தியாயத்தைத்தான் படிப்பதாக எழுதினாள். நான் கல்யாணம் செய்துகொண்டபோதும் யாரும் என்னைக் கொண்டாடியதில்லை, வந்தபோதும் கொண்டாடியதில்லை. இங்கே முகம் தெரியாத ஒருத்தி எனக்காகச் சோற்றைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அந்த நாட்களில் நான் சந்தோஷமாக இருந்தேன்.

முதல் வாசகி என் தங்கை. நாலு வயது இளையவள், பி.காம் முடித்துவிட்டு வீட்டில் இருந்தாள். செயலியில் ஏற்றுவதற்கு முன்னால் ஒவ்வொரு அத்தியாயத்தையும் அவளிடம்தான் காட்டுவேன். காட்டாவிட்டால் பிடுங்கிப் படிப்பாள். பேராலயத்தின் வண்ணக் கண்ணாடி ஜன்னல்கள் அவளுடைய யோசனை. "பச்சக் கண்ணாடிக்குக் கீழ போயி நின்னா, கல்யாணம் எப்பன்னு யாரும் கேக்க மாட்டாகன்னு வைக்கா" என்றாள். வைத்தேன். அந்த ஜன்னலுக்குக் கீழே அந்த நாட்டுப் பெண்கள் முண்டியடித்துக்கொண்டு நிற்பதாக ஒரு முழு அத்தியாயம் எழுதினேன். செயலியில் அதிகம் பேர் படித்தது அதைத்தான்.

அந்தத் தங்கைக்கு மாப்பிள்ளை வந்தது. கடமலைக்குண்டில் நிலம் நீச்சு உள்ள குடும்பம், பையன் கோயம்புத்தூரில் வேலை. பெண் பார்க்க வந்தார்கள். பிடித்துவிட்டது. படம் எடுக்கிற நேரத்தில் மாப்பிள்ளையின் அத்தைக்குக் கைப்பேசியில் சார்ஜ் இல்லை, என்னுடையதைக் கேட்டு வாங்கினார். பூட்டுத்திரையில் என் பேராலயம் இருந்தது. ஒரு வாசகர் வரைந்து அனுப்பிய படம். மலைகளுக்கு நடுவே, கூம்பு வானத்தில் முட்ட, உள்ளே தூறல் விழுவது ஜன்னல் வழியாகத் தெரியும்படி வரைந்திருந்தார்.

"இது எந்த ஊரு மாதா கோயிலு?" என்று கேட்டார் அத்தை.

"மாதா கோயில் இல்லீங்க. நான் எழுதுற கதையில வர்றது. எந்த ஊர்லயும் இல்ல" என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன். அந்த வீட்டில் என்னிடம் அதைப் பற்றிக் கேட்ட முதல் வெளியாள் அவர்.

"இல்லாத கோயிலுக்கு எதுக்குப் படம்?" என்று படம் எடுக்காமலே கைப்பேசியைத் திருப்பித் தந்தார். ஈரக்கையால் தொடக்கூடாத பொருளைக் கொடுப்பதுபோல இரண்டு விரலால் பிடித்திருந்தார்.

இரண்டு நாள் கழித்துத் தரகர் வந்தார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. "எல்லாம் பிடிச்சிருக்குன்னுதான் சொன்னாக. ஆனா பெரிய புள்ள வேதத்துல சேந்துருச்சோன்னு ஒரு சந்தேகம் இருக்கு அவுகளுக்கு. வாழாம வந்த புள்ள, மனசு அங்கன இங்கன போகும்ல. நாளப்பின்ன சம்பந்திங்க ஒண்ணாக் குலசாமி கும்புடப் போகணும். அங்கன வந்து இந்தப் புள்ள திருநீறு பூசுமா பூசாதான்னு கேக்குறாக" என்றார். வேதத்தில் சேர்வது என்றால் எங்கள் பக்கம் கிறிஸ்தவத்துக்கு மாறுவது. வாழாமல் வந்த புள்ள நான் பக்கத்து அறையில்தான் இருந்தேன். அது அவருக்கும் தெரியும்.

அன்றைக்கு வீட்டில் பஞ்சாயத்து, பெரியப்பாவும் வந்திருந்தார். நான் அது கதை என்றேன். கதைதான் என்று அவர்களுக்கும் தெரிந்திருந்தது, அதுதான் கொடுமை. யாரும் என்னைச் சந்தேகப்படவில்லை. நெற்றியில் என்றும்போல் திருநீறு இருந்தது. வெள்ளிக்கிழமை விளக்கு நான்தான் ஏற்றினேன். ஆனால் கடமலைக்குண்டில் சந்தேகப்படுகிறார்கள் என்பது, நான் செய்ததைவிடப் பெரிய விஷயமாக இருந்தது. தங்கை கல்யாணம் முடிகிறவரை கதையை மறைத்துவைக்கிறேன், செயலியில் அதற்கு வழி இருக்கிறது என்றேன். அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. "மறச்சு வச்சது என்னைக்காச்சும் வெளிய வரும்டி. அன்னைக்கு ஒந் தங்கச்சி அங்கன அடுப்படியில நிப்பா. யாரு பதில் சொல்றது?" என்றாள்.

அப்பா ஒரு சமரசம் பேசிப் பார்த்தார். சமரசம் பேசுகிறோம் என்று நினைத்துக்கொண்டு அவர் பேசியதை இப்போது நினைத்தாலும் எனக்குச் சிரிப்பும் ஆத்திரமும் சேர்ந்து வரும்.

"ஏத்தா, அந்தக் கூம்ப எடுத்துட்டுக் கோபுரத்த வச்சா என்ன? ஒனக்கென்ன கொத்தனாரு கூலியா, சாரம் கட்டணுமா? எழுத்துதான, மாத்திட்டுப் போ."

"கோபுரம்னா உள்ள ஒரு சாமி வேணும்ப்பா."

"வையி. யாரு வேணாம்னா?"

"எந்தச் சாமிய?"

"நம்ம சாமியவே வையி. ஒன்னய எவன் கேக்கப்போறான்?"

"அப்ப திருவிழாவுக்கு மொத மரியாதை யாருக்கு?"

அப்பா உண்மையாகவே யோசித்தார். பெரியப்பாவின் முகத்தை ஒருமுறை பார்த்தார். "நம்ம வகையறாவுக்குத்தான்" என்றார். பெரியப்பா தலையாட்டினார். உலகத்தில் இல்லாத நாட்டில், நான் கட்டிய கட்டடத்தில், இரண்டு நிமிஷத்தில் பங்கு பிரித்துவிட்டார்கள்.

தங்கை அதுவரை வாயைத் திறக்கவில்லை. நான் அவளைப் பார்த்தேன். என் கதையில் ஒரு செங்கல் விடாமல் அறிந்தவள் அவள் ஒருத்திதான். அக்கா சொல்றது நெசம், அங்கன சாமியே இல்ல, அதுல எனக்கும் பங்கு இருக்கு என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சுவரைப் பார்த்துக்கொண்டு, "நீ ஒரு வாழ்க்கைய முடிச்சுட்டு வந்துட்ட. நான் இன்னும் ஆரம்பிக்கவே இல்லக்கா" என்றாள். நியாயமான பேச்சு. நியாயமாக இருந்ததால்தான் எனக்கு அடி வலித்தது.

அப்போதுதான் அம்மா சொன்னாள், "நாம என்னத்துக்குப் பேசிக்கிட்டு? ஆத்தாகிட்டயே கேட்டுருவோம். பூக்கட்டிப் பாப்போம். இருக்கட்டும்னு அவ சொன்னா இருக்கட்டும். இந்தச் சம்பந்தம் போனாப் போவுது. அழிச்சுருன்னு சொன்னா அழிச்சுரணும், மிச்சம் வைக்கக் கூடாது."

எங்கள் வகையறாவில் எதையும் யாரும் முடிவு செய்வதில்லை. போர் போட, பந்தலுக்குக் கவாத்து வெட்ட, பெண் கொடுக்க, எடுக்க, எல்லாவற்றுக்கும் குலசாமியிடம் பூக்கட்டிப் பார்ப்போம். ஒரு வாழையிலைத் துண்டில் வெள்ளைப் பூ, இன்னொன்றில் சிவப்பு அரளி, இரண்டையும் ஒரே மாதிரி மடித்து நாரால் கட்டி, சாமி முன்னால் குலுக்கிப் போடுவது. சின்னக் குழந்தை ஒன்று ஒரு பொட்டலத்தை எடுக்கும். வெள்ளை என்றால் சரி, சிவப்பு என்றால் கூடாது. மற்றப் பொட்டலத்தைப் பிரித்துப் பார்க்கும் வழக்கம் இல்லை. அதை அப்படியே வாய்க்காலில் விட்டுவிட வேண்டும். பிரித்துப் பார்த்தால் சாமி சொல்லைச் சந்தேகப்பட்ட மாதிரி. என் கல்யாணத்துக்கும் வெள்ளைதான் வந்தது. அதை ஒருமுறை நான் குத்திக்காட்டியபோது அம்மா, "கட்டிக்குடுக்கவான்னு கேட்டோம், குடுன்னா. வாழுவாளான்னு கேக்கலயே" என்றாள். எங்கள் சாமி எந்த வழக்கிலும் தோற்க மாட்டாள்.

நான் உடனே ஒத்துக்கொண்டேன். அதற்குக் காரணம் இருந்தது. எங்கள் குலசாமி, புருஷன் வீட்டில் கோபித்துக்கொண்டு, கூடைக்குள் விளக்கை வைத்துத் தலையில் சுமந்து மலையிறங்கி வந்தவள். வாய்க்கால் கரையில் உட்கார்ந்தவள் அதன்பிறகு எழுந்திருக்கவில்லை. வருஷத்துக்கு ஒருமுறை அவளைப் புருஷன் வீட்டுக்கு அழைக்கிற சடங்கு ஒன்று உண்டு. தட்டு வைத்து, சேலை வைத்து, மூன்று முறை கூப்பிடுவார்கள். போக மாட்டாள். போகவில்லை என்று குலவை போட்டுக் கொண்டாடிவிட்டு, அதே பெண்கள் வீட்டுக்கு வந்து என்னைப் பார்த்து உச்சுக்கொட்டுவார்கள். அவர்கள் எப்படியோ போகட்டும், அவள் என்னைக் கைவிட மாட்டாள் என்று நினைத்தேன். உலகத்தில் என் பேராலயத்தைப் புரிந்துகொள்ளக்கூடிய ஒரே ஆள் அவள்தான் என்று முழுசாக நம்பினேன்.

வெள்ளிக்கிழமை காலையில் போனோம். வயலுக்கு நடுவே சின்னக் கோயில். இரண்டு ஆள் நின்றால் மூன்றாவது ஆள் வெளியே நிற்க வேண்டும். பொட்டலத்தை அம்மா வீட்டிலேயே கட்டிக்கொண்டு வந்திருந்தாள். பூசாரி வாங்கிக் குலுக்கிப் போட்டார். பெரியப்பா வீட்டு அண்ணன் மகள், பேச்சு வந்தும் வராத பிள்ளை, குனிந்து ஒன்றை எடுத்தது. பூசாரி பிரித்தார். அரளி. சிவப்பு என்றால் அப்படி ஒரு சிவப்பு. இன்னொரு பொட்டலத்தை அம்மா எடுத்துக்கொண்டு போய் வாய்க்காலில் விட்டாள். நான் சாமியைப் பார்த்தேன். மஞ்சள் அப்பிய முகத்தில் வெள்ளிக் கண் இரண்டும் என்னைத் தாண்டி எங்கோ பார்த்துக்கொண்டிருந்தன.

அன்று மத்தியானமே அழித்தேன். அந்தச் செயலியில் மொத்தமாக அழிக்க வழியில்லை, அத்தியாயம் அத்தியாயமாகத்தான் அழிக்க வேண்டும். நீக்கவா என்று கேட்கும், ஆம் என்றால் மீட்க முடியாது பரவாயில்லையா என்று இன்னொருமுறை கேட்கும். என் வீட்டில் யாரும் கேட்காததை அது ஒவ்வொரு தடவையும் கேட்டது. கடைசியாக ஏற்றிய அத்தியாயத்திலிருந்து தொடங்கினேன். இடிக்கிறவர்கள் மேலிருந்துதான் இடிப்பார்கள். முதலில் கோபுரம் போயிற்று, ஏறிக்கொண்டிருந்தவளும் படியோடு போனாள். பிறகு மணி போனது, கூரை போனது, தூறல் நின்றது. ஜன்னல்கள் ஒவ்வொன்றாகப் போயின. கடைசியாக வாசற்படி. ஒவ்வொரு அத்தியாயத்தோடும் அதன் கீழே வாசகர்கள் எழுதியிருந்ததும் சேர்ந்து மறைந்தது. நடுவில் அந்த வெளிநாட்டுப் பெண்ணிடமிருந்து, என்னாச்சுக்கா, எதுவும் தெரிய மாட்டேங்குதே என்று ஒரு செய்தி வந்தது. என்ன எழுதுவது? எங்கள் சாமி வேண்டாம் என்றுவிட்டாள் என்றா? கணக்கையே மூடிவிட்டேன்.

நகல் எடுத்துவைத்திருக்கலாம். ஒரு நிமிஷ வேலை. தங்கைகூட ஜாடையாக, எங்கேயாவது போட்டு வைத்துக்கொள்ளேன் என்றாள். நான் செய்யவில்லை. மிச்சம் வைக்கக் கூடாது என்று சொல்லித்தான் கேட்டோம், ஆத்தா சொல்லிவிட்டாள். அவளிடம் ஒன்றைச் சொல்லிவிட்டுப் பின்னால் வேறு ஒன்றைச் செய்ய எனக்கு மனம் வரவில்லை. பூட்டிய அறைக்குள் என்ன என்று எழுதிவைத்திருந்த துண்டுக் காகிதத்தையும் அடுப்பில் போட்டேன்.

கல்யாணம் நன்றாக நடந்தது. என்னை முன்னால் நிற்க விடவில்லை. தீர்த்துக்கொண்டு வந்தவள் தாலி கட்டுகிற நேரத்தில் மேடையில் நிற்கக் கூடாதாம். பந்தியில் இலை போடுகிற இடத்தில் நின்றேன். மாப்பிள்ளையின் அத்தை சாப்பிட வந்தவர், என் நெற்றியை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "இப்ப நம்ம கோயிலுக்கெல்லாம் போறியாத்தா?" என்று கேட்டார். போகிறேன் என்றேன். பொய். அந்த வெள்ளிக்கிழமைக்குப் பிறகு நான் குலசாமி பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. மனத்துக்குள் தினமும் அவளோடு சண்டை போட்டேன். நீ மட்டும் இறங்கி வந்து உட்கார்ந்துகொள்வாய், நான் கட்டினால் இடிப்பாயா என்று பஸ்ஸில் போகும்போது கேட்பேன். முன்பு எழுதுவதற்குக் கிடைத்த அந்த ஜன்னலோர இடமெல்லாம் அவளைத் திட்டுவதிலேயே போயிற்று. வேறு கதை எழுத முயன்றேன். எதை எடுத்தாலும் ஒரு வெள்ளிக்கிழமை காலையில் யாரோ வந்து அழித்துவிடுவார்கள் என்று தோன்றியது. விட்டுவிட்டேன்.

ஆடிக்குத் தங்கையை அழைத்து வந்தார்கள். வெளியே காற்று கதவை உடைத்துக்கொண்டிருந்தது. மாப்பிள்ளைக்குப் புனேவுக்கு மாற்றல் வந்திருந்தது. இவளும் கூடப் போவதா, ஒரு வருஷம் மாமியாரோடு கடமலைக்குண்டில் இருப்பதா என்று கேள்வி. அம்மா கேட்டுத் தெரிந்துகொள்ளலாம் என்று வழக்கம்போலப் பூக்கட்ட உட்கார்ந்தாள். இலையை நறுக்கினாள். தங்கை பக்கத்தில் உட்கார்ந்து நார் கிழித்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். நான் அந்தப் பக்கம் துணி மடித்துக்கொண்டிருந்தேன்.

"ஒழுங்காப் பாத்துக் கட்டும்மா. அன்னைக்கு மாதிரி ரெண்டுலயும் அரளிய வச்சுறாத. அப்புறம் நான் மாமியாகிட்டயே கெடக்கணும்" என்று சொல்லித் தங்கை சிரித்தாள். சிரித்து முடிப்பதற்குள் நான் இருப்பது ஞாபகம் வந்துவிட்டது. கிழித்த நாரைக் கையில் சுற்றிக்கொண்டு தரையைப் பார்த்தாள்.

எனக்கு விளங்க ஒரு கணம்கூட ஆகவில்லை. வாய்க்காலில் பிரிக்காமல் போன பொட்டலத்திலும் சிவப்புதான் இருந்திருக்கிறது. குழந்தை எதை எடுத்திருந்தாலும் சிவப்பு. என் கல்யாணத்துக்குக் கட்டினபோது என்ன வைத்தாய் என்று கேட்க வாய்வரை வந்தது. அதைக் கேட்கும் துணிச்சல் எனக்கு இல்லை.

"ரெண்டுலயும் செவப்பாம்மா?" என்று மட்டும் கேட்டேன்.

அம்மா மறுக்கவில்லை. இலையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள், "பயமாருந்துச்சுடி. ஒழுங்காக் கேட்டா அவ வெள்ளயக் குடுத்துருவாளோன்னு பயமாருந்துச்சு. அவளும் ஒன்னய மாதிரி வந்தவதான."

"அப்ப அவ வேணாம்னு சொல்லலயா?"

"அவகிட்ட எங்க கேட்டோம்?" என்றாள் அம்மா.

என்னை வேதத்தில் சேர்ந்துவிட்டாளோ என்று ஊர் சந்தேகப்பட்டபோது, இந்த வீட்டில் அந்தச் சாமியை நம்பியவள் நான் ஒருத்தியாகத்தான் இருந்திருக்கிறேன். மற்றவர்களுக்கு அவள்மேல் பயம்தான் இருந்தது, அதுவும் எங்கே எனக்குச் சாதகமாகப் பேசிவிடுவாளோ என்கிற பயம். ஒரு வார்த்தை, அழித்துவிடு, எங்களுக்காக அழித்துவிடு என்று என்னிடம் நேராகக் கேட்டிருந்தால் சண்டை போட்டிருப்பேன், அழுதிருப்பேன், கடைசியில் அழித்தும் இருப்பேன். தங்கைக்காகச் செய்தேன் என்ற திருப்தியாவது மிஞ்சியிருக்கும். ஒன்றும் அறியாத அந்தச் சாமியைப் பிடித்து இத்தனை மாசம் திட்டித் தீர்த்திருக்க மாட்டேன்.

இது அத்தனையும் அம்மாவிடம் சொன்னேன். சத்தம் போட்டுத்தான் சொன்னேன். தங்கை எழுந்து உள்ளே போய்விட்டாள். அம்மா எல்லாவற்றையும் கேட்டுவிட்டு என் கையைப் பிடித்தாள். உண்மையாகவே எனக்கு ஒரு நல்லது செய்துவிட வேண்டும் என்றுதான் பேசினாள்.

"சரி விடு. இப்ப வேணா ஒழுங்காக் கட்டித் தாரேன். ஒண்ணுல வெள்ள, ஒண்ணுல செவப்பு, ஒங் கண்ணு முன்னாலயே கட்டுறேன். போயி அவகிட்ட நீயே கேட்டுக்க. வெள்ள வந்தா மறுபடி எழுது. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்."

"வேணாம்மா" என்றேன். "இப்ப வெள்ள வந்துட்டா, அதுக்கப்புறம் ஒன்னய நான் எப்படி அம்மான்னு கூப்புடுறது?"

அவள் என் கையை விட்டுவிட்டாள். இலைத்துண்டுகளை மறுபடி எடுத்தாள். தங்கைக்காக ஒன்றில் வெள்ளையும் ஒன்றில் சிவப்பும் வைத்து, சரியாக இருக்கிறதா என்று ஒருமுறைக்கு இருமுறை பார்த்து, கவனமாகக் கட்டினாள்.